கரண்ட் போன நேரத்துத் தீர்மானம்

ஜூன் 3

அன்புள்ள அக்காவுக்கு,

அம்மாவுக்கு முட்டி வலி கொஞ்சம் குறைந்திருக்கிறது. எனக்கு ஒன்றும் இல்லை. நீயும் அத்தானும் உன் மாமியாரும் சுகமாக இருக்கிறீர்களா? புது ஊர்த் தண்ணீர் உனக்கு ஒத்துக்கொண்டதா?

உன் கல்யாணத்துக்கு இரவல் வாங்கிய பாத்திரங்களைத் திருப்பிக் கொடுத்தாகிவிட்டது. கடைசிக் குண்டானைக் கொடுத்துவிட்டு வந்த அன்றே அம்மா முகம் கழுவிக்கொண்டு, "கிளம்பு, கோர்ட்டுக்குப் போகணும்" என்றாள். உன் கல்யாணம் நல்லபடியாக முடியட்டும் என்றுதான் இத்தனை நாள் வாயைக் கட்டிக்கொண்டு இருந்தாளாம். எனக்கே அப்போதுதான் தெரிந்தது.

கோர்ட் வாசலில் டைப் அடிப்பவர் விஷயம் என்ன என்று கேட்டார். அம்மா என்னைப் பார்த்தாள். எனக்குத்தான் ஆள் எதிரில் வாய் வராதே. ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். சரியாக எழுதினேனா என்று நீ பார்த்துச் சொல்ல வேண்டும். எழுதியது இதுதான்:

"எங்கள் தையல் கூட்டுறவுச் சங்கத்தில் கூட்டம் நடந்தாலும் யாரும் மிஷினை விட்டு எழுந்திருப்பதில்லை. வேலை நிற்கக் கூடாது என்பதால் வந்த பழக்கம். செயலாளர் முன்னால் நின்று தீர்மானத்தைப் படிப்பார். சம்மதம் என்றால் மிஷினை நிறுத்த வேண்டும். சம்மதம் இல்லாதவர்கள் தைத்துக்கொண்டே இருக்கலாம். ஆஸ்பத்திரி உடுப்பு ஆர்டரை வெளி ஆளிடம் கொடுக்கச் செயலாளர் நினைத்ததை என் அம்மா எதிர்த்தார். அதனால் மார்ச் மாதக் கூட்டத்தில் அம்மாவைச் சங்கத்திலிருந்து நீக்கும் தீர்மானத்தைப் படித்தார். அப்போது கரண்ட் போய் எல்லா மிஷினும் நின்றுவிட்டது. ஏகமனதாக நிறைவேறியது என்று செயலாளர் எழுதிக்கொண்டார். அம்மாவின் மிஷினும் நின்றதால், தன்னை நீக்க அம்மாவே சம்மதித்ததாக ஆகிவிட்டது. அம்மாவுக்கு வேலையும் போய்விட்டது."

டைப் அடிப்பவர் படித்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார். அம்மா அவரையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு அவர் சிரிக்காமல் அடித்தார்.

நான் அந்த நேரம் பித்தான் பெட்டி எடுக்கக் குடோனுக்குப் போயிருந்தேன். அம்மா சொன்னதைத்தான் எழுதினேன். மோட்டாரெல்லாம் அடங்கியதும் ஊசி விழுந்தால் கேட்கும் போல ஹால் இருந்ததாம். அதை மட்டும் திரும்பத் திரும்பச் சொல்கிறாள்.

செயலாளர், அத்தானுக்குத் தாய்மாமன் ஆயிற்றே. உன் சம்பந்தத்தையே அவர்தான் கொண்டுவந்தார். உனக்கு இதையெல்லாம் எழுதலாமா என்று அம்மாவிடம் கேட்டேன். "அது வேற, இது வேற" என்றாள்.

நான் இன்னும் ஹாலுக்குத் தைத்த துணியில் பிசிறு வெட்டப் போய்க்கொண்டுதான் இருக்கிறேன். கடைசி வரிசையில் ஜன்னல் ஓரம் உன் கால் மிஷின் சும்மா கிடக்கிறது. மேலே துணியைக் குவித்து வைத்திருக்கிறார்கள்.

உன் பதிலுக்குக் காத்திருக்கும்
தங்கை

ஜூன் 17

அன்புள்ள பிசிறு,

இங்கே எல்லோரும் நலம். அங்கேயும் அப்படியே இருக்க வேண்டும். ஹாலில் எல்லோரும் கூப்பிடுகிற மாதிரியே உன்னைக் கூப்பிட்டுவிட்டேன், கோபித்துக்கொள்ளாதே.

தண்ணீர் ஒத்துக்கொண்டது. மாடிப்படிதான் ஒத்துக்கொள்ளவில்லை, ஒவ்வொரு படியும் ஒவ்வொரு உயரம். முதல் வாரத்தில் இரண்டு தடவை விழப் பார்த்தேன். சமையலறையில் எல்லா டப்பாவும் ஒரே மாதிரி இருப்பதால் அத்தானுக்குச் சர்க்கரை என்று உப்பைப் போட்டு டீ கொடுத்துவிட்டேன். பாவம், முழுசாகக் குடித்தார். கீழ்வீட்டு ரேடியோ விடியும்போதே தொடங்கிவிடும். அதனால் கடிகாரமே வேண்டியதில்லை.

அம்மாவின் முட்டிக்கு வெந்நீர் ஒத்தடம் கொடு. அவள் வேண்டாம் என்பாள், விடாதே.

நீ எழுதியதைப் படித்தேன். எழுத்து நன்றாக இருக்கிறது.

அன்புடன்
அக்கா

ஜூலை 4

அன்புள்ள அக்காவுக்கு,

நாங்கள் நலம். ஒத்தடம் கொடுக்கிறேன், திட்டிக்கொண்டே காலை நீட்டுகிறாள். படியில் பார்த்து நட.

கோர்ட்டில் எங்கள் மனுவைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். நீதிபதி கோபமாகப் பேசவில்லை. "இது சங்கத்துக்கும் அதோட உறுப்பினருக்கும் நடுவுல உள்ள தகராறும்மா. இதை விசாரிக்க இந்தக் கோர்ட்டுக்கு அதிகாரம் இல்லை. கூட்டுறவுப் பதிவாளர்கிட்ட போங்க" என்றார். மனுவின் பின்பக்கத்தில் அப்படியே எழுதியும் கொடுத்தார். வெளியே வந்ததும் அம்மா, "கோர்ட்டுக்கே அதிகாரம் இல்லாத அளவுக்கு நம்ம சங்கம் அவ்வளவு பெரிசாடி?" என்றாள்.

பதிவாளர் அலுவலகத்தில் முதல் ஜன்னலில் இருந்த குமாஸ்தா என்னைக் கேட்டார். நான் தாளை நீட்டினேன். "ஏன், வாய் இல்லையா?" என்றார். எனக்குக் காது வரை சுட்டது. படித்துவிட்டு, "வேலை போச்சுன்னு எழுதியிருக்கியே, அப்ப தொழிலாளர் அலுவலகத்துக்குப் போகணும். இங்க வேலை விஷயம் பார்க்கிறதில்லை" என்று ஜன்னலைச் சாத்திவிட்டார். அம்மா சாத்திய ஜன்னலைப் பார்த்து, "போறோம். ஆனா திரும்பி வருவோம்" என்றாள். உள்ளே கேட்டிருக்காது.

ஹாலில் செயலாளர் என் பக்கமாக வந்து, "என்ன பிசிறு, அம்மா ஊர் சுத்திப் பார்க்கிறாங்களாமே?" என்றார். எல்லோரும் தலையைக் குனிந்து தைத்தார்கள். நான் கத்தரியை வைத்துவிட்டுத் திரும்ப எடுத்தேன். அவ்வளவுதான் என்னால் முடிந்தது.

தங்கை

ஜூலை 25

அன்புள்ள அக்காவுக்கு,

உன்னிடமிருந்து கடிதம் வரவில்லை. உடம்புக்கு ஒன்றும் இல்லையே? அம்மா தபால்காரரிடம் தினமும் கேட்கிறாள், ஆனால் உன் கடிதமா என்று கேட்க மாட்டாள், "ஏதாவது இருக்கா" என்றுதான் கேட்பாள்.

தொழிலாளர் அலுவலகத்துக்குப் போனோம். அங்கே இருந்த ஐயா உட்காரவைத்துப் பேசினார். "தொழிலாளின்னா முதலாளி ஒருத்தர் இருக்கணும். நீங்க சங்கத்துல உறுப்பினர். சங்கமே உங்களோடது. அப்போ நீங்கதான் முதலாளி. உங்க மேல நீங்களே வழக்குப் போட முடியுமா?" என்றார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில், "முதலாளியம்மாவுக்கு ஜன்னல் சீட்டு. டிக்கெட்டை நீ எடு" என்றாள் அம்மா. அவள் சிரித்து மாதக்கணக்காகிறது அக்கா. நானும் சிரித்தேன்.

அன்று உட்கார்ந்து யோசித்தேன். மூன்று இடத்திலும் நம்மை விரட்டவில்லை, உங்கள் கதவு இது இல்லை என்றுதான் சொல்கிறார்கள். அப்படியென்றால் எங்கேயோ ஒரு கதவு நம்முடையதாக இருக்க வேண்டும். என் தாளைத் திரும்ப எடுத்துப் பார்த்தேன். வேலை போனதைப் பற்றிய வரியை அடித்தேன். அம்மாவின் வேலையைத் தீர்மானம் பறிக்கவில்லை, அவள் உறுப்பினர் என்பதைப் பறித்தது. வேலை அதன் பின்னால் போனது. அதை மட்டும் வைத்துப் புதிதாக எழுதினேன்.

பதிவாளர் அலுவலகத்தில் அதே குமாஸ்தா. "மறுபடியுமா?" என்றார். தாளை நீட்டினால் வாங்கவில்லை. "சொல்லு" என்றார். அம்மா என் முதுகில் கை வைத்தாள். நான் சொன்னேன். "இது வேலைத் தகராறு இல்லைங்க. ஓட்டுத் தகராறு."

குரல் கொசு மாதிரிதான் வந்தது. ஆனால் அவர் வாங்கிக்கொண்டு முத்திரை குத்தினார். ஆகஸ்ட் கடைசியில் விசாரணை.

தங்கை

ஆகஸ்ட் 12

அன்புள்ள தங்கைக்கு,

இங்கே அனைவரும் நலம். அங்கு அம்மாவின் உடல்நலம் அறிய விரும்புகிறோம்.

குடும்பங்கள் ஒன்றான பிறகு இப்படி அலுவலகங்களில் ஏறி இறங்குவது இரு வீட்டுக்கும் மரியாதை அல்ல என்று இங்கே பெரியவர்கள் வருத்தப்படுகிறார்கள். மனுவைத் திரும்பப் பெற்றால் அம்மாவுக்கு வேறு ஏதாவது ஏற்பாடு செய்யச் செயலாளர் மாமா தயாராக இருக்கிறார். அம்மாவிடம் எடுத்துச் சொல்லவும்.

இப்படிக்கு
அக்கா

(உறையில் போடும்முன் எழுதுகிறேன். மிஷின்கள் எப்படி நின்றன என்பதைப் பற்றி அம்மா வேறு ஏதாவது சொன்னாளா?)

ஆகஸ்ட் 30

அன்புள்ள அக்காவுக்கு,

அம்மா நலம். உன் கடிதத்தை வாசித்துக் காட்டினேன். "இது அவ பேச்சு இல்லை, பக்கத்துல நின்னு யாரோ சொல்லச் சொல்ல எழுதியிருக்கா" என்றாள். அடைப்புக்குள் இருந்த கடைசி வரியை நான் வாசிக்கவில்லை.

விசாரணை தொடங்கியது. துணைப் பதிவாளர் கனத்த கண்ணாடி போட்ட ஒரு அம்மா. மேஜையில் பென்சில்களை நீள வாரியாக அடுக்கி வைத்திருக்கிறார். சங்கத்தின் வக்கீல் எழுந்ததுமே, இது வேலை சம்பந்தப்பட்டது, உங்களுக்கு விசாரிக்கவே அதிகாரம் இல்லை என்றார். அந்த அம்மா எங்கள் தாள்களைப் புரட்டிவிட்டு, "கோர்ட்ல இங்க அனுப்பிட்டாங்க. தொழிலாளர் அலுவலகத்துல இவங்க தொழிலாளியே இல்லைன்னுட்டாங்க. நீங்க எங்க அனுப்பச் சொல்றீங்க, நிலாவுக்கா? உறுப்பினரா இல்லையாங்கிறது என் வேலை. நான் விசாரிக்கிறேன்" என்றார். அக்கா, எனக்கு அப்படியே எழுந்து கை தட்ட வேண்டும் போல இருந்தது. தட்டவில்லை.

ஆனால் அதற்கு மேல் தடுமாறிவிட்டோம். கரண்ட் போனது உண்மைதான் என்று செயலாளரே ஒப்புக்கொண்டார். "ஆனா எல்லாரும் சம்மதிச்சு மிஷினை நிறுத்தினதுக்கு அப்புறம்தான் போச்சு" என்றார். காஜா போடும் அக்காவைச் சாட்சிக்குக் கூப்பிட்டார்கள். அவள், "நான் நிறுத்தினேனா, கரண்ட் நிறுத்துச்சான்னு எனக்கே தெரியலைங்க. தலையை நிமிர்ந்தேன், நின்னிருந்துச்சு" என்றாள். மற்றவர்களுக்கு நினைவே இல்லையாம். துணைப் பதிவாளர் பென்சிலைக் கீழே வைத்துவிட்டார். "எது முதல்லன்னு யாராவது ஒருத்தர் சொல்லணும். சொல்லாட்டி செயலாளர் எழுதி வச்சிருக்கிறதைத்தான் நான் நம்பணும்."

அடுத்த விசாரணை அக்டோபர் 11. அதிலும் யாரும் சொல்லாவிட்டால் அம்மாவுக்கு அந்த ஹாலில் இனி இடம் இல்லை.

அக்கா, வரும் வழியில்தான் எனக்கு உறைத்தது. ஹாலில் எல்லாம் மோட்டார் மிஷின். உன்னுடையது மட்டும் கால் மிஷின். கரண்ட் போனாலும் அது ஓடுமே! மற்றதெல்லாம் நின்றபோது உன்னுடையது ஓடிக்கொண்டுதானே இருந்திருக்கும்? நீ ஒரு வரி எழுதினால் போதும், ஏகமனது என்பது பொய் என்றாகிவிடும். அம்மாவிடம் சொன்னேன். முகம் மாறிவிட்டது. "அவளை இதுல இழுக்காதே. வாழப் போன பொண்ணு" என்றாள். அவளுக்குத் தெரியாமல்தான் எழுதுகிறேன்.

உடனே பதில் போடு.

தங்கை

செப்டம்பர் 24

அன்புள்ள அக்காவுக்கு,

நீ சுகமாக இருக்க வேண்டும். நீ பதில் போடவில்லை.

நேற்றுச் சாப்பாட்டு நேரத்தில் எல்லோரும் வெளியே போனதும் உன் மிஷின் மேலிருந்த துணியை எடுத்துவிட்டு உட்கார்ந்து பார்த்தேன். மிதித்தேன். எண்ணெய் காய்ந்திருந்தாலும் ஓடியது. யாரும் இல்லாத ஹாலில் அதன் சத்தம் எப்படிக் கேட்கிறது என்று உனக்குத் தெரியும். வாசலில் நின்ற காவல்காரர் எட்டிப் பார்த்தார். அவ்வளவு சத்தம்.

காலை எடுத்தேன். நின்றது. அப்போதுதான், அம்மா சொன்ன மாதிரி, ஊசி விழுந்தால் கேட்கும் போல இருந்தது.

துணியை முன்பு போலவே மேலே குவித்துவிட்டு எழுந்தேன்.

வீட்டுக்கு வந்து அம்மாவுக்கு ஒத்தடம் கொடுத்தேன். ஒன்றும் கேட்கவில்லை. அம்மா முதல் வரிசையில் உட்காருகிறவள், பின்னால் திரும்பிப் பார்த்திருக்க மாட்டாள். ஆனால் அவள் காது நல்ல காது.

போன கடிதத்தில் ஒரு கேள்வி கேட்டிருந்தேன். அதற்குப் பதில் வேண்டாம். இனிக் கேட்கவும் மாட்டேன். நாங்கள் மனுவைத் திரும்பப் பெறப் போவதில்லை, அதையும் உங்கள் வீட்டில் சொல்லிவிடு. சாட்சி இல்லாவிட்டாலும் செயலாளரை நானே கேள்வி கேட்கலாம் என்று குமாஸ்தா சொல்லியிருக்கிறார். "சீட்டு எழுதி நீட்டினா செல்லாது, வாயைத் திறக்கணும்" என்றும் சொன்னார். தினமும் குழாயடியில் குடத்துக்குள் வாயை வைத்துப் பேசிப் பழகுகிறேன். குடத்துக்குள் என் குரல் பெரிதாகத்தான் இருக்கிறது.

தங்கை

அக்டோபர் 5

பிசிறு,

நலம். பதிவாளர் அலுவலகம் பஸ் நிலையத்திலிருந்து நடக்கிற தூரமா? நான் வேறு யாரையாவது கேட்டுக்கொள்கிறேன். பதில் போட வேண்டாம்.

அக்கா

அக்டோபர் 14

அன்புள்ள அக்காவுக்கு,

பத்திரமாக ஊர் போய்ச் சேர்ந்தாயா? அன்று நீ சாப்பிட்டாயா என்று அம்மா கேட்டுக்கொண்டே இருக்கிறாள். வீட்டுக்கு வராமல் அதே பஸ்ஸில் திரும்பிவிட்டாய். எங்களிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. அதனால் எங்கள் பக்கத்திலிருந்து எப்படி இருந்தது என்று எழுதுகிறேன்.

நீ வரும்முன்பே நான் செயலாளரைக் கேட்டுவிட்டேன். எழுந்து நின்றேன், மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டேன். "கரண்ட் முதல்ல போச்சா, மிஷின் முதல்ல நின்னுச்சா?" அறை முழுக்கக் கேட்டது. அவர் சிரித்தார். "அட, பிசிறுக்குப் பேச்சு வருதே! மிஷின்தாம்மா முதல்ல நின்னுச்சு. இல்லைன்னு சொல்ல யார் இருக்கா?" என்றார்.

"நான் இருக்கேன்" என்று கதவருகே நீ சொன்னாய்.

நான் திரும்பிப் பார்த்தேன். அம்மா திரும்பவில்லை. குரலிலேயே அவளுக்குத் தெரிந்துவிட்டது.

துணைப் பதிவாளர் உன்னிடம் கேட்டார்: "உங்களோடது கால் மிஷினா? தீர்மானம் படிச்சப்போ ஓடுச்சா?"

"ஓடலைங்க. நான் நிறுத்திட்டேன்."

அம்மா மடியில் இருந்த பையின் வாரை விரலில் சுற்றத் தொடங்கினாள்.

"நான் காலை எடுத்தப்போ மத்த எல்லா மிஷினும் ஓடிட்டு இருந்துச்சு. ஒண்ணுகூட நிக்கலை. எங்கம்மாவோடதும் ஓடுச்சு. நான் ஒருத்திதான் நிறுத்தினேன். அதுக்கு அப்புறம்தான் கரண்ட் போச்சு, எல்லாம் ஒண்ணா அடங்குச்சு."

வக்கீல் எழுந்து, தாய்க்காக மகள் பொய் சொல்கிறாள் என்றார். துணைப் பதிவாளர் கண்ணாடியைக் கழற்றினார். "தாயை நீக்குறதுக்கு நான் ஓட்டுப் போட்டேன்னு சொல்றா. உங்க பக்கம் விழுந்த ஒரே ஓட்டு இவளோடதுதான். அதையும் பொய்ங்கிறீங்களா?" என்றார். செயலாளர் உன்னைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்தார். வக்கீல் உட்கார்ந்துவிட்டார்.

நீ போன பிறகு படியில் இறங்கும்போது அம்மாவிடம் கேட்டே விட்டேன், அக்கா ஏன் நிறுத்தினாள் என்று. அவள் கைப்பிடியைப் பிடித்து ஒவ்வொரு படியாக இறங்கினாள். கீழே வந்த பிறகுதான் பதில் சொன்னாள். "காலையிலிருந்து மிதிச்சுக்கிட்டே இருந்தா. காலு மரத்துப் போயிருக்கும், பாவம்."

உத்தரவு அடுத்த மாதம் வரும்.

தங்கை

நவம்பர் 3

அன்புள்ள தங்கைக்கு,

பத்திரமாக வந்தேன். வழியில் சாப்பிட்டேன் என்று அம்மாவிடம் சொல்.

அத்தை என்னோடு பேசுவதில்லை. டப்பாக்களுக்கு நான் பெயர் எழுதி ஒட்டியதைப் பிய்த்துவிட்டார்கள். அத்தானும் கொஞ்ச நாள் பேசவில்லை. முந்தாநாள் சாப்பிடும்போது திடீரென்று, "கால் மிஷின் ஒண்ணு விலைக்கு இருக்காம், போய்ப் பார்க்கலாமா?" என்றார். போய்ப் பார்த்தோம். நல்ல மிஷின்தான்.

என் கால் மரத்துப் போகவில்லை என்று அம்மாவுக்குத் தெரியும். அவளுக்குத் தெரியும் என்று எனக்கும் தெரியும். என் சம்பந்தத்தைக் கொண்டுவந்தவரே முன்னால் நின்று படித்தார். அதற்கு மேல் எழுதக் கை வரவில்லை.

உன் குரலைக் கதவுக்கு வெளியே நின்று கேட்டேன். அது கேட்காமல் இருந்திருந்தால் அப்படியே திரும்பிப் போயிருப்பேன்.

அக்கா

நவம்பர் 27

அன்புள்ள அக்காவுக்கு,

உத்தரவு வந்துவிட்டது. தீர்மானம் செல்லாது. அம்மா முன்பு போலவே உறுப்பினர். இனிச் சங்கத்தில் ஓட்டு என்றால் எல்லோரும் எழுந்து நின்றுதான் போட வேண்டும் என்றும் எழுதியிருக்கிறார்கள்.

நேற்று அப்படி முதல் கூட்டம். ஆர்டரை வெளி ஆளிடம் கொடுக்கும் தீர்மானத்தைச் செயலாளர் திரும்பவும் படித்தார். சம்மதம் என்கிறவர்கள் எழுந்திருங்கள் என்றார். மோட்டாரை எல்லாம் அணைத்திருந்தோம். ஒரு நாற்காலிகூட நகரவில்லை. காஜா அக்கா மட்டும் பாதி எழுந்தாள். எல்லோரும் பார்த்ததும், "பாவாடை மாட்டிக்கிச்சுப்பா" என்று திரும்ப உட்கார்ந்தாள். ஹாலே சிரித்தது. செயலாளர் தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

இன்று காலை அம்மா முதல் வரிசைக்குப் போகவில்லை. நேராகக் கடைசி வரிசைக்குப் போய், உன் மிஷின் மேலிருந்த துணியை இறக்கினாள். எண்ணெய் விட்டாள். சக்கரத்துப் பட்டையை இழுத்துப் பார்த்தாள். "அம்மா, முட்டி வலிக்கும்" என்றேன். "கரண்ட் போனாலும் ஓடும்ல" என்றாள். நாள் முழுக்க மிதித்தாள்.

இப்போது பக்கத்தில்தான் இருக்கிறாள், காலை வெந்நீர் வாளிக்குள் விட்டுக்கொண்டு. அக்காவுக்கு என்ன எழுதட்டும் என்று கேட்டேன். "எல்லாத்தையும் நீயே எழுதியிருப்பே. ஒண்ணு மட்டும் கேளு" என்றாள்.

உன் கால் இப்போது எப்படி இருக்கிறது?

தங்கை